ஆளில்லா அவையும் ஆளுநர் ஆட்சியும்

பொருநையாறு மலையை விட்டுத் தரையிறங்கும் இடம் பாபநாசம். ஊர்ப்பெயர் வடமொழியில் நிற்பதும், ஆற்றின் பெயர் தாமிரபரணி என்று மாறி வழங்குவதும் தனியே எழுதற்குரியன. ஈண்டு நோக்கத்தக்கது வேறொன்று. அசோகன் கல்வெட்டுகளில் வரும் தம்பபண்ணி என்னும் பெயர் இலங்கைத் தீவைக் குறிப்பது. ஆற்றுக்கும் தீவுக்கும் ஒரே பெயர் வழங்கியிருக்கிறது. கொற்கையில் முத்துக் குளித்தவனும் மன்னாரில் முத்துக் குளித்தவனும் ஒரே கடலில் மூழ்கியவர்களே. பெயரிலும் கடலிலும் இருந்த அவ்வொற்றுமை, அண்மை ஆண்டுகளில் தாழ்விலும் வந்து சேர்ந்தது. இக்கரையிலும் அக்கரையிலும் தமிழ் மக்கள் தம் உள்ளாட்சிக்குத் தாமே ஆள் தேர்ந்துகொள்ளும் உரிமை, எல்லைக்கோடு வரைதல் என்னும் ஒரே சாக்கினால் ஆண்டுக் கணக்கில் முடக்கப்பட்டது.

முதலில் இக்கரையைப் பார்ப்போம். தமிழ்நாட்டு உள்ளாட்சித் தேர்தல் 2016ஆம் ஆண்டு அக்டோபர் 17, 19 ஆகிய நாள்களில் நடந்திருக்க வேண்டும். பழங்குடியினர்க்குரிய இட ஒதுக்கீடு முறைப்படி செய்யப்படவில்லை என்று வழக்கு எழுந்தது. சென்னை உயர்முறைமன்றம் அக்டோபர் 4ஆம் நாள் அந்தத் தேர்தல் அறிவிக்கையை நீக்கியது. பிழையைத் திருத்தி மறு திங்களே தேர்தலை நடத்தியிருக்கலாம். ஆனால் வட்டங்களுக்குப் புதிதாக எல்லை வரையவேண்டும் என்றனர். வரைந்து முடிப்பதற்குள் நெல்லை மாவட்டமே இரண்டாகி, 2019இல் தென்காசி தனி மாவட்டம் ஆயிற்று. உடனே, மீண்டும் எல்லை வரையவேண்டும் என்றனர். அவ்வாண்டு திசம்பரில் 27 மாவட்டங்களின் ஊராட்சிகளுக்குத் தேர்தல் நடந்தபோதும் நெல்லை ஒதுக்கிவைக்கப்பட்டது. நெல்லை ஊராட்சிகளுக்கு 2021 அக்டோபரிலும், பாபநாசத்தை உள்ளடக்கிய விக்கிரமசிங்கபுரம் நகராட்சிக்கு 2022 பிப்ரவரி 19ஆம் நாளிலும்தான் தேர்தல் வந்தது. ஐந்தாண்டும் நான்கு திங்களும் அணையின் அடிவாரத்து ஊரில், குழாயில் ஏன் நீர் வரவில்லை என்று கேட்க வட்ட உறுப்பினர் ஒருவரும் இல்லை. தனி அலுவலரே மன்றம். அவர் கையொப்பமே மன்றத்தின் முடிவு.

இவ்வளவும் நடந்தது, ஐந்தாண்டு முடியுமுன்னே தேர்தல் நடத்தியாகவேண்டும் என்று அரசியலமைப்புச் சட்டத்தின் 73, 74ஆம் திருத்தங்கள் எழுதிவைத்துள்ள நாட்டில்! எழுதிவைத்த இடத்திலேயே இந்நிலை என்றால், எழுதிக் கொடுத்தவனே எடுத்துக்கொள்ளக் கூடிய இடத்தில் என்ன நிகழும்?

அக்கரையில் நிகழ்ந்தது இதுதான். 1981ஆம் ஆண்டு சூன் 4ஆம் நாள் இலங்கையில் மாவட்ட வளர்ச்சி அவைகளுக்குத் தேர்தல். ஏட்டளவில் கூடப் பெரிய ஆள்வினை உரிமை எதுவும் இல்லாத சிறு அவைகள் அவை. அத்தேர்தலுக்கு நான்கு நாள் முன்னர், மே 31ஆம் நாள் இரவில், யாழ்ப்பாண நூலகத்தில் தீ வைக்கப்பட்டது. ஏறத்தாழ 97,000 நூல்களும் ஓலைச்சுவடிகளும் சாம்பலாயின. அந்தச் சாம்பலின் நாற்றம் அடங்குமுன் மக்கள் வரிசையில் நின்று ஒப்போலையிட்டு, பத்து இடங்களையும் தமிழர் விடுதலைக் கூட்டணிக்கே கொடுத்தனர். ஒரு மாவட்ட அவைக்கே இவ்வளவு விலை கொடுத்த மக்கள் அவர்கள்.

பின்னர், 1987 சூலை 29ஆம் நாள் இராசீவ் காந்தியும் செயவர்த்தனாவும் கையொப்பமிட்ட உடன்படிக்கையின் வழியாக, இலங்கை அரசியலமைப்பின் 13ஆம் திருத்தம் வந்தது. மாநில அவைகள் பிறந்தன. 1988 நவம்பரில் இணைந்த வடகிழக்குக்கு அவை அமைந்தது. இந்தியப் படை திரும்பிய 1990ஆம் ஆண்டிலேயே அதுவும் மறைந்தது. 2006 அக்டோபரில் கொழும்பு உச்ச முறைமன்றம், வடக்கையும் கிழக்கையும் இணைத்தது செல்லாது என்று கூறிப் பிரித்தது. பிரிந்த கிழக்குக்கு 2008இல் தேர்தல் வந்தது. வடக்கு மட்டும் 1990 தொடங்கி 23 ஆண்டுகள் தன் அவைக்குக் காத்திருந்தது.

அந்தக் காத்திருப்பின் கனத்தை 2013 செப்டம்பர் 21ஆம் நாள் உலகம் கண்டது. போர் முடிந்து நான்கே ஆண்டுகள், தெருவெல்லாம் படைமுகாம். ஆளுநராக அமர்ந்திருந்தவரே யாழ்ப்பாணப் படைத்தலைவராக இருந்தவர். அந்நிலையிலும் நூற்றுக்கு 67 பேர்க்கு மேல் வந்து ஒப்போலையிட்டனர். வந்த ஒப்போலைகளில் நூற்றுக்கு 78க்கு மேல் தமிழ்த் தேசியக் கூட்டமைப்புக்கு விழுந்தது. 38 இடங்களில் 30 அதற்கே. விக்கினேசுவரன் முதலமைச்சரானார்.

ஆயினும், அவ்வவைக்கு அமைந்த கட்டு எத்தகையது? நிலமும் காவலும் 13ஆம் திருத்தத்தின் பட்டியலில் உண்டு, கையில் வந்ததில்லை. அலுவலரை அமர்த்தும் உரிமை ஆளுநரிடம். பணம் பற்றிய எந்தச் சட்டத்துக்கும் ஆளுநரின் பரிந்துரை வேண்டும். போரில் கணவனையும் கால்களையும் இழந்தோர்க்கு உதவ முதலமைச்சர் பெயரில் ஓர் உதவிப்பண வைப்பு வேண்டும் என்று அவை முயன்றபோது, அதற்குரிய இசைவே கிட்டவில்லை.

இங்கே ஒன்றை மறைக்காமல் கூறியாக வேண்டும். 30 இடங்களை அள்ளிக் கொடுத்த மக்களுக்கு, அவ்வவை தன் உட்பூசலையே மிகுதியாகத் திருப்பிக் கொடுத்தது. 2017இல் அமைச்சர்கள்மேல் குற்றச்சாட்டு, உசாவல், பொறுப்பு நீக்கம், முதலமைச்சர்மேலேயே நம்பிக்கையில்லா முயற்சி என்று திங்கள்கள் கழிந்தன. கொழும்பு கொடாதது பாதியாயின், கிடைத்ததைக் கொண்டு செய்யாது விட்டதும் உண்டு. இதைத் தமிழர் கூறாவிடின் பகைவர் கூறுவர், கூறியும் விட்டனர்.

இனித்தான் எல்லைக்கோட்டின் கதை. 2017 செப்டம்பரில் இலங்கை நாடாளுமன்றத்துக்கு ஒரு சட்ட முன்வரைவு வந்தது. மாநில அவைகளில் பெண்டிர்க்குரிய இடத்தைக் கூட்டுவதே அதன் நோக்கம் என்றனர், நல்ல நோக்கந்தான். ஆனால், அம்முன்வரைவு அவையில் இருக்கும்போதே அதற்குள் வேறு திருத்தங்கள் நுழைக்கப்பட்டுத் தேர்தல் முறையே மாற்றப்பட்டது. பாதி உறுப்பினர் தொகுதி வழியாகவும் மறுபாதியினர் கட்சி பெற்ற ஒப்போலைப் பங்கின் வழியாகவும் வருவர் என்றாயிற்று. தொகுதி வேண்டுமென்றால் எல்லை வரைய வேண்டுமன்றோ? குழு அமர்ந்தது, வரைந்தது, அறிக்கை தந்தது. 2018 ஆகத்து 24ஆம் நாள் அவ்வறிக்கை நாடாளுமன்றத்தில் ஒப்போலைக்கு வந்தபோது, எதிர்த்து 139 ஒப்போலைகள்; சார்பாக ஒன்றுகூட இல்லை. அறிக்கையை முன்வைத்த அமைச்சரே எதிர்த்து ஒப்போலையிட்டார்! தலைமையமைச்சர் தலைமையில் ஒரு மறுஆய்வுக் குழு இரண்டு திங்களில் திருத்தித் தரவேண்டும் என்பது சட்டம். அத்திருத்தம் வந்து சேரவே இல்லை.

விளைவு என்ன? பழைய தேர்தல் முறை சட்டத்தில் இல்லை. புதிய முறைக்கு எல்லை இல்லை. எந்த முறைப்படியும் தேர்தல் நடத்த முடியாது. மாநில அவையை ஒழித்தோம் என்று எவரும் கூறவில்லை. கதவைப் பூட்டவும் இல்லை. அவையின் ஐந்தாண்டு தானே முடிந்தது, அடுத்த தேர்தல் வரவில்லை, அவ்வளவே. கிழக்கின் அவை 2017இலும் வடக்கின் அவை 2018 அக்டோபரிலும் இவ்வாறு முடிந்தன. மற்ற ஏழு சிங்கள மாநிலங்களுக்கும் இதே நிலைதானே என்பர். ஆம், ஆனால், சிங்களவர்க்கு நாடாளுமன்றமே தம் அவை. மாநில அவை போனால் அவர்க்கு ஒரு படி குறையும். தமிழர்க்கு அது ஒன்றே படி.

வருந்தத்தக்கது யாதெனில், அந்த 2017ஆம் ஆண்டுச் சட்டத்துக்குத் தமிழ்த் தேசியக் கூட்டமைப்பும் கைதூக்கியது. நல்லெண்ண அரசு என்று நம்பித் தூக்கினர். பின்னர்ப் பழைய முறைக்கே திரும்பலாம் என்று தமிழ் உறுப்பினர் தாமே முன்வரைவு கொண்டுவந்தும் பார்த்தனர். கைவிட்டுப்போன கயிறு எளிதில் கைக்கு வருமா?

அவை இல்லாத இடத்தில் என்ன புகும் என்பதற்குக் கிழக்கு சான்று. 2020 சூன் திங்களில் குடியரசுத் தலைவர் கோத்தபய இராசபக்சே, கிழக்கு மாநிலத்தின் தொல்லியல் இடங்களைக் காப்பதற்கென ஒரு செயலணியை அமைத்தார். அதற்குத் தலைவர் பாதுகாப்புச் செயலாளர். தமிழரும் முசுலிம்களும் சேர்ந்து பெரும்பான்மையாக வாழும் அம்மாநிலத்துக்கு அமைந்த செயலணியில், தொடக்கத்தில் அவ்விரு மக்களுள் ஒருவர் பெயரும் இல்லை. எந்த நிலம் எவர்க்குரியது என்பதை முடிவுசெய்யும் பேச்சில் அம்மாநிலத்தின் குரலாக நின்று கேட்கத் தேர்ந்தெடுக்கப்பட்ட அவை அன்று இல்லை. அவை இருந்தால் தடுத்திருக்குமா என்று கேட்கலாம். தடுக்க இயலாமற் போயிருக்கலாம். ஆனால் எதிர்ப்பு முடிவொன்று அவைக்குறிப்பில் எழுதப்பட்டிருக்கும். யாழ்ப்பாணத்து அவை 2015 பிப்ரவரியில் இனக்கொலை பற்றி இயற்றிய முடிவு, சட்ட வலிவு இல்லாமலேயே உலகெங்கும் எடுத்துக்காட்டப்பட்டதை எண்ணிப் பார்க்க.

சிற்றூர் அவைகளின் கதையும் இதற்குத் தொலைவில் இல்லை. 2023 மார்ச்சில் நடக்கவேண்டிய உள்ளாட்சித் தேர்தல், பணமில்லை என்று கூறி நிறுத்தப்பட்டது. அது குடிமக்களின் அடிப்படை உரிமையை மீறியது என்று உச்ச முறைமன்றமே 2024 ஆகத்தில் தீர்ப்பளித்தது. ஒருவழியாக 2025 மே 6ஆம் நாள் தேர்தல் நடந்தது. அதற்கு ஆறு திங்கள் முன்னர் நாடாளுமன்றத் தேர்தலில் யாழ்ப்பாண மாவட்டத்தின் ஆறு இடங்களில் மூன்றைத் தேசிய மக்கள் சக்தி என்னும் தென்னிலங்கைக் கட்சிக்குக் கொடுத்து எல்லாரையும் வியக்கவைத்த அதே மக்கள், ஊரவைகள் என்று வந்தபோது பெரும்பாலான இடங்களில் தமிழரசுக் கட்சியையே முதலாவதாக நிறுத்தினர். தமிழ்த் தலைவர்களின் பூசலுக்குத் தண்டனை ஒன்று. தம் ஊரைத் தம்மவர் ஆளவேண்டும் என்னும் உறுதி ஒன்று. இரண்டையும் ஆறு திங்களுக்குள் பிரித்துக் காட்டிய மக்களை அரசியல் அறியாதவர் என்று எவன் கூறுவான்?

தில்லி இதில் வேடிக்கை பார்க்க உரிமையற்றது. 1987ஆம் ஆண்டு உடன்படிக்கையில் அதன் கையொப்பம் இருக்கிறது. 13ஆம் திருத்தத்தை நிறைவேற்றுக என்று ஒவ்வோர் அமைச்சரும் கொழும்புக்குப் போய்க் கூறித் திரும்புவது வழக்கமாகிவிட்டது. நிறைவேற்றுக என்னும் பெருஞ்சொல்லை விட்டு, தேர்தலை எந்நாளில் நடத்துவீர் என்னும் சிறு வினாவைக் கேட்கவேண்டும். தமிழ்நாட்டிலிருந்து தில்லிக்குப் போகும் உறுப்பினர்கள் அவ்வொரு வினாவையே கூட்டத்தொடர்தோறும் எழுப்பலாம். எழுப்புமுன், தம் நாட்டு ஊராட்சிகளில் தனி அலுவலர் அமர்ந்த ஆண்டுகளையும் நினைத்துக்கொள்வது நலம். கொழும்பு அதைத் திருப்பிக் கேட்கும்.

யாழ்ப்பாணத்துக்குக் கிழக்கே கைதடியில் வட மாநில அவையின் கட்டடம் நிற்கிறது. 2018 அக்டோபரில் கலைந்து சென்ற 38 உறுப்பினர்க்குப் பின், 2025ஆம் ஆண்டு முடியுமட்டும் அங்கே மக்கள் தேர்ந்தனுப்பிய எவரும் அமரவில்லை. இடைப்பட்ட ஆண்டுகளில் ஆளுநர்கள் மட்டும் ஒருவர் பின் ஒருவராக மாறிக்கொண்டிருந்தனர்.