ஆறு எங்கே கொண்டுபோகும்?

பாபநாசத்தில் முங்கிக் குளித்து, உடுத்திய துணியைத் தாமிரபரணியிலேயே விட்டுவிட்டுக் கரையேறினால் தோஷம் கழியும் என்கிறார் சோதிடர். திரும்பிப் பார்க்காமல் போக வேண்டும் என்பதும் பரிகாரத்தில் சேர்த்தி. திரும்பிப் பார்த்தால்தானே தெரியும், துணி எங்கும் போகவில்லை என்று!

அந்தக் காலத்துப் பருத்தி வேட்டியாவது மட்கும். இன்றைய பாலியஸ்டர் சேலை பாறையிடுக்கில் சிக்கி, மணலில் புதைந்து, குளிக்க இறங்குபவரின் காலைச் சுற்றுகிறது. துப்புரவுத் தொழிலாளர்களும் தன்னார்வலர்களும் அதை மூட்டை மூட்டையாக வாரிக் கரையேற்றுகிறார்கள். ஒருவர் கழித்த தோஷத்தை இன்னொருவர் முதுகில் சுமக்கிறார்.

'ஓடுற தண்ணிக்குத் தீட்டில்ல' என்பார்கள். இதில் கொஞ்சம் உண்மை உண்டு. பாறையில் மோதி ஓடும் நீரில் காற்று கலக்கும். நுண்ணுயிர்கள் ஓரளவு கழிவைத் தின்று தீர்க்கும். ஆனால் அதற்கு ஓட்டம் வேண்டுமே! பாபநாசத்துக்குக் கீழே கோடைமேலழகியான் முதல் ஸ்ரீவைகுண்டம் வரை எட்டு அணைக்கட்டுகள். கோடையில் நீர் தேங்கிக் கிடக்கிறது. பாலியஸ்டரைத் தின்று தீர்க்க எந்தக் கிருமியும் அங்கே காத்திருக்கவில்லை. பொதிகையிலிருந்து புன்னைக்காயல் கடல்வரை மொத்தமே சுமார் 128 கிலோமீட்டர். வழிநெடுகக் குடிநீர் உறைகிணறுகள். பாபநாசத்தில் விட்டது அம்பாசமுத்திரத்துக்கு வரும். நெல்லையில் விட்டது ஸ்ரீவைகுண்டத்துக்கு வரும்.

பக்தரை மட்டும் பழித்துப் பயனில்லை. துணியை விடப் பெரிய கேடு சாக்கடை. 2018 அக்டோபரில், 144 ஆண்டுகளுக்கு ஒருமுறை வருவது என்று சொல்லி மகா புஷ்கரம் கொண்டாடினோம், படித்துறைதோறும் ஆரத்தி. ஆரத்தி முடிந்தது, சாக்கடை நிற்கவில்லை. 2024-இல் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை நீதிபதிகளே நெல்லைக்கு நேரில் வந்து கழிவுநீர் கலப்பதைப் பார்த்தார்கள். வாய்க்காலை ஆற்றுக்குத் திருப்பிவிட்டவருக்கு எந்தச் சோதிடரும் பரிகாரம் சொல்லவில்லை. இருந்தும் அவர் நம்பிக்கையும் அதேதான்: ஆறு கொண்டுபோய்விடும். பக்தராவது ஒரு முழுக்கோடு ஊர் திரும்பிவிடுகிறார். மாநகரம் நாள் தவறாமல் பரிகாரம் செய்கிறது.

சோதிடர்களுக்கு ஒரு வேண்டுகோள். உங்கள் சொல்லுக்கு அரசாணையைவிட மதிப்பு அதிகம். துணியை ஆற்றில் விடச் சொல்லாதீர்கள். புதுத்துணி ஒன்று வாங்கி, படித்துறையில் அந்த மூட்டைகளைச் சுமக்கும் தொழிலாளிக்குக் கொடுக்கச் சொல்லுங்கள்.