மாடுபிடி வீரனுக்கு எஸ்.ஆர். எங்கே?

பொங்கல் முடிந்து நம்ம டவுன் டீக்கடையில் கேட்டுப் பாருங்கள். அலங்காநல்லூரில் என்ன கார் கொடுத்தார்கள் என்று சொல்வார்கள். வாங்கினவன் பேர் தெரியாது.

பூவந்தி அபிசித்தர் 2023-ல் 26 காளைகளை அடக்கிக் கார் வாங்கினார். 2024-ல் கருப்பாயூரணி கார்த்திக்கு 18, இவருக்கு 17. ஒரு மாட்டில் கார் போச்சு. எண்ணிக்கை சரியில்லை என்று முறையிட்டார். 2025-ல் 20 பிடித்து மறுபடியும் முதலிடம்.

தென் பிரான்சில், காமார்க் பக்கம், காளைக் கொம்பில் கட்டியதைப் பறிக்கும் ஆட்டம் உண்டு. நம் சல்லிக்கட்டுக்குப் பங்காளி முறை. நான் படித்தது பிரெஞ்சு வழியில் என்பதால் அதைப் பற்றிக் கொஞ்சம் தெரியும். அங்கே பருவம் முழுக்கப் புள்ளி சேர்த்துத்தான் சாம்பியன். அமெரிக்க ரோடியோவிலும் வருடம் முழுக்க ஜெயித்த பணத்தைக் கூட்டித்தான் பட்டம். இங்கே அவனியாபுரத்தில் பிடித்த மாடு பாலமேட்டில் கணக்கில் வராது. ஒவ்வொரு வாடிவாசலிலும் பூஜ்யத்திலிருந்து ஆரம்பம்.

வீர விளையாட்டுக்குக் கணக்கு எதற்கு என்பீர்கள். கணக்குப் பார்த்துத்தானே ஐயா கார் கொடுக்கிறீர்கள்?

கீழக்கரையில் 2024-ல் அரங்கமே கட்டியாச்சு. ஒரு பதிவேடு போட என்ன செலவு? மூலையில் உட்கார்ந்து ஃபைல் கட்டிய எனக்கே எஸ்.ஆர். புத்தகம் இருந்தது. தோளெலும்பு போய் முப்பது வயதில் வீட்டோடு கிடப்பவன் எந்தக் காகிதத்தைக் காட்டுவான்?