நம்ம மாநிலத்துக்கு ஒரு கல் வேணும்!



வினாடி வினா போட்டியில் மாநில விலங்கு எது என்று கேட்டால் வரையாடு என்று கத்துவோம். பறவை மரகதப்புறா, மரம் பனை, மலர் செங்காந்தள். 2019-ல் தமிழ் மறவன் பட்டாம்பூச்சியும் சேர்ந்துவிட்டது. ஆனால் "மாநிலப் புதைபடிவம் எது?" என்று கேட்டால்? முழிப்போம். ஏன்னா அந்தப் பட்டியலில் அப்படி ஒண்ணு இல்லை.

புதைபடிவம் என்றால் கோடிக்கணக்கான வருஷத்துக்கு முன்னாடி வாழ்ந்த உயிர் மண்ணுக்குள் புதைந்து கல்லாக மாறியது. அமெரிக்காவில் பல மாநிலங்கள் இதற்கும் ஒரு சின்னம் வைத்திருக்கின்றன. கொலராடோ மாநிலத்தில் 4-ஆம் வகுப்புப் பிள்ளைகள் விடாமல் கேட்டு, 1982-ல் ஸ்டெகோசாரஸ் என்ற டைனோசரை வாங்கிக் கொடுத்தார்கள். தென் கரோலினாவில் 8 வயதுச் சிறுமி எழுதிய கடிதத்தில் ஆரம்பித்து, 2014-ல் மாமூத் யானை சின்னமானது. நாலாவது படிக்கிற பிள்ளைங்க கேட்கலாம்னா நாம கேட்கக் கூடாதா?

நம்மிடம் என்ன இருக்கு என்று கேட்காதீர்கள். நிறையவே இருக்கு! அரியலூர், பெரம்பலூர் பகுதி ஒரு காலத்தில் கடலுக்கு அடியில் கிடந்தது. 1862-லேயே பிளான்ஃபோர்டு என்ற ஆங்கிலேயர் இந்தப் பாறைகளைப் பற்றிப் பெரிய அறிக்கை எழுதிவிட்டார். பாறை அடுக்குகளுக்கு ஊட்டத்தூர், அரியலூர் என்று நம்ம ஊர்ப் பெயர்களே நிலைத்துவிட்டன. வெளிநாட்டு விஞ்ஞானிகளும் அந்தப் பெயரைத்தான் சொல்கிறார்கள். நமக்குத்தான் தெரியலை.

எதைத் தேர்ந்தெடுப்பது? எங்கள் வகுப்பில் இதைப் பேசியபோது மூன்று கட்சி ஆகிவிட்டது.

முதல் கட்சி டைனோசர் கட்சி. அரியலூர் பக்கம் கல்லமேட்டில் கிடைத்த எலும்புகளை வைத்து, 1987-ல் யாதகிரி, அய்யாசாமி என்ற இரு ஆய்வாளர்கள் புருகத்காயோசாரஸ் என்று பெயர் வைத்தார்கள். கால் எலும்பு ஒன்றே 2 மீட்டர் நீளமாம்! கேட்கவே பெருமையாக இருக்கு. ஆனால் அந்த எலும்புகள் பிறகு சிதைந்து போய்விட்டன. அது எலும்புதானா, கல்லான மரமா என்று சந்தேகப்பட்டவர்களும் உண்டு. காட்டுவதற்குக் கையில் பொருளே இல்லாத ஒன்றை எப்படிச் சின்னமாக வைப்பது?

இரண்டாவது கட்சி மரக் கட்சி. பெரம்பலூர் மாவட்டம் சாத்தனூரில் 18 மீட்டர் நீளத்துக்கு ஒரு கல்மரம் படுத்திருக்கிறது. வயது சுமார் 12 கோடி ஆண்டு. 1940-ல் எம்.எஸ். கிருஷ்ணன் கண்டுபிடித்தது. விழுப்புரம் மாவட்டம் திருவக்கரையிலும் கல்மரங்கள் கிடக்கின்றன. நல்ல வாதம்தான். ஆனால் அந்த இரண்டு இடமும் ஏற்கெனவே தேசியப் புவியியல் நினைவுச் சின்னம். பேரும் இருக்கு, காவலும் இருக்கு.

நான் மூன்றாவது கட்சி. என் ஓட்டு அம்மோனைட்டுக்கு.

ஆட்டுக் கொம்பு மாதிரி சுருண்டு இருக்குமே, அந்தக் கல்தான். எங்கள் வீட்டில் கதவு அடிக்காமல் இருக்க முட்டுக் கொடுத்து ஒரு கல் கிடந்தது. "நத்தை கல்லாப் போச்சுடா" என்று அப்பாயி சொல்லும். உண்மையில் அது நத்தை இல்லை. கணவாய்க்கும் ஆக்டோபஸுக்கும் சொந்தக்கார உயிர். ஓடு உள்ளே அறை அறையாகப் பிரிந்திருக்கும். கடைசி அறையில் உயிர் குடியிருக்கும், மற்ற அறைகளில் இருக்கும் வாயு அதை மிதக்க வைக்கும். நீர்மூழ்கிக் கப்பல் மாதிரி! டைனோசர்கள் அழிந்த அதே சமயத்தில், சுமார் 6.6 கோடி ஆண்டுக்கு முன்பு, இதுவும் அழிந்தது. ஒவ்வொரு காலத்துக்கும் ஒவ்வொரு வகை இருந்ததால், எந்த வகை கிடைக்கிறது என்று பார்த்தே பாறையின் வயதைச் சொல்லிவிடுகிறார்கள்.

இதை நான் சொல்வதற்கு முக்கியக் காரணம் வேறு. அம்மோனைட்டுக்குக் காவல் இல்லை. அது கிடைப்பது சுண்ணாம்புக்கல் பாறையிலும் அதை ஒட்டிய களிமண்ணிலும். சுண்ணாம்புக்கல்தான் சிமெண்டுக்கு மூலப்பொருள். சுரங்கத்தில் கல்லோடு கல்லாக உடைபட்டு, அரைபட்டுப் போகிறது. 10 கோடி வருஷம் மண்ணுக்குள் பத்திரமாக இருந்தது ஒரே நாளில் மூட்டையாகிவிடுகிறது. சிமெண்ட் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. எங்கள் தெருவில் பாதி வீட்டுக்குச் சோறு போடுவது அந்த வேலைதான். அரைக்கிறதுக்கு முன்னாடி ஒருத்தர் பார்க்கட்டும் என்றுதான் சொல்கிறேன்.

"சின்னம்னு அறிவிச்சா எல்லாரும் பொறுக்கி விக்க ஆரம்பிச்சுடுவாங்க" என்று என் தோழி ஒருத்தி சொன்னாள். யோசிக்க வேண்டிய விஷயம்தான். ஆனால் இப்போது மட்டும் என்ன வாழுது? தெரியாமல் அழிகிறது. பெயர் இருந்தால் இது சும்மா கல் இல்லை என்று லாரி டிரைவர் அண்ணனுக்கும் தெரியும், சுரங்க மேஸ்திரிக்கும் தெரியும். அறிவிப்போடு நின்றுவிடாமல் காரை மாதிரி இடங்களைக் காக்கவும் வேண்டும். கிடைப்பதை அரியலூர் மாவட்டம் வாரணவாசி அருங்காட்சியகத்தில் ஒப்படைக்கவும் வழி செய்ய வேண்டும். எந்த வகை அம்மோனைட் என்பதை விஞ்ஞானிகள் முடிவு செய்யட்டும். கேட்க வேண்டியது நாம்.

நம்ம பள்ளியிலிருந்தே ஒரு கடிதம் எழுதலாமே? சமூக அறிவியல் சார், அறிவியல் டீச்சர் இருவரும் சரி என்றால் நான் எழுதித் தர ரெடி. மரக் கட்சி, டைனோசர் கட்சி தோழர்கள் பதில் எழுத விரும்பினால் அடுத்த சுவரிதழில் எழுதுங்கள், சண்டை போடுவோம்.

பி.கு.: கதவுக்கு முட்டுக் கொடுத்த கல்லை அப்பாயியிடம் கேட்டு வாங்கி அறிவியல் ஆய்வகத்தில் வைத்திருக்கிறேன். தொட்டுப் பாருங்கள். திரும்ப வைத்துவிடுங்கள்!

– 9-ஆம் வகுப்பு 'ஆ' பிரிவு மாணவி