பிரபுப் பட்டமும் தாயாரின் கலியாணமும்

பிறவியினால் உயர்வு என்கிற பித்தலாட்டம் நம் நாட்டு வருணாசிரமக்காரர்களுக்கு மாத்திரமே சொந்தமான சரக்கு என்று நம் தோழர்களில் சிலர் எண்ணிக்கொண்டிருக்கிறார்கள். வெள்ளைக்காரர் நாட்டில் யோக்கியதைக்குத்தான் மதிப்பு, அங்கே பிறவியைக் கேட்பாரில்லை என்று மேடைகளிலும் பேசிவிடுகிறார்கள். இது உண்மையல்ல.

இங்கிலாந்தில் பிரபு என்றால் வெறும் பணக்காரன் என்று பொருளல்ல. அப்பன் செத்தால் மூத்த மகன் பார்லிமெண்டின் மேல் சபையில் போய் உட்காரலாம் என்பதே 1999 வரை அந்தப் பரம்பரைப் பட்டத்தின் சாரமாயிருந்தது. ஓட்டுக் கேட்க வேண்டியிருக்கவில்லை, பரீட்சை கொடுக்க வேண்டியிருக்கவில்லை. நம் திண்டுக்கல்லில் பூட்டுச் செய்கிறவர் மகன்கூடத் தொழிலைக் கற்றுக்கொண்டால்தான் அவன் பூட்டு பூட்டும். சட்டம் செய்கிற வேலைக்கு மாத்திரம் அப்பன் பெயர் போதுமென்று வைத்திருந்தார்கள்!

இந்தப் பட்டத்தை முதன் முதலில் பெற்ற இந்தியர் வங்காளத்து ராய்ப்பூர் சத்யேந்திர பிரசன்ன சின்ஹா. 1863ல் பிறந்தவர், பெரிய பாரிஸ்டர். வைசிராயின் நிர்வாக சபையில் 1909ல் இடம்பெற்ற முதல் இந்தியர் அவர்தான். 1915ல் பம்பாய்க் காங்கிரசுக்குத் தலைமை வகித்தார். நாலு வருஷம் கழித்து, 1919ல், அதே காங்கிரஸ் தலைவர் இங்கிலாந்தின் பரம்பரைப் பிரபுவானார். இந்தியா மந்திரிக்குத் துணை மந்திரியாயிருந்து அவ்வருஷத்து இந்திய அரசாங்கச் சட்டத்தைப் பிரபுக்கள் சபையில் நிறைவேற்றி வைத்தார். 1920ல் பீகார் – ஒரிசா கவர்னரானார். அவர் கெட்டிக்காரர் என்பதில் நமக்குத் தகராறு இல்லை. அவருடைய பதவியெல்லாம் அவருடைய மூளைக்குக் கிடைத்தது என்றே வைத்துக்கொள்வோம். அந்த மூளைக்குக் கொடுத்த நாற்காலியை அவர் மகனுக்கும் பேரனுக்கும் எழுதி வைப்பானேன் என்பதே நமது கேள்வி.

சின்ஹா 1928ல் காலமானார். மகன் அருண்குமார் சின்ஹா நாற்காலியைக் கேட்டார். உடனே கிடைத்ததா? இல்லை. பதினோரு வருஷம் ஆயிற்று. அவர் படித்தவரா, தகுந்தவரா என்றா இவ்வளவு காலம் விசாரித்தார்கள்? அதுவுமில்லை. அவருடைய தாயாரின் கலியாணம் எப்பேர்ப்பட்ட கலியாணம் என்றுதான் விசாரித்தார்கள்!

தகப்பனார் 1880ல் செய்துகொண்டது இந்து முறைக் கலியாணம். அந்த முறைப்படி ஒரு புருஷன் எத்தனை மனைவியரை வேண்டுமானாலும் கட்டிக்கொள்ளலாம் என்றிருந்தது. அவர் கட்டினாரா இல்லையா என்பதல்ல கேள்வி. கட்ட இடமிருந்ததல்லவா? அப்படி இடமுள்ள கலியாணத்தில் பிறந்த பிள்ளை இங்கிலீஷ் பிரபுப் பட்டத்துக்கு வாரிசாகுமா என்பதே கேள்வி. முடிவில் 1939ல் பிரபுக்கள் சபையின் உரிமைக் கமிட்டி ஒரு வழி கண்டுபிடித்தது. இந்த மகன் பிறக்கு முன்பே தாய் தகப்பன் இருவரும் சாதாரண பிரம்ம சமாஜத்தில் சேர்ந்துவிட்டார்கள், அச்சமாஜத்தார் ஒருவனுக்கு ஒருத்தி என்ற முறையைக் கைக்கொண்டவர்கள், ஆகையால் அந்தக் கலியாணம் ஒரு மனைவிக் கலியாணமாகவே ஆகிவிட்டது என்று சொல்லிப் பட்டத்தை ஒப்புக்கொண்டது.

தோழர்களே! இதைச் சற்று நின்று யோசியுங்கள். உயர்வு பிறவியால் வருகிறது என்று ஒரு தடவை ஒத்துக்கொண்டால், பிறகு பிறந்தவனைப் பரிசோதிக்க வேண்டும், அவனைப் பெற்றவளைப் பரிசோதிக்க வேண்டும், அவள் கழுத்தில் தாலி ஏறிய முறையைப் பரிசோதிக்க வேண்டும். ஜாதியும் இதைத்தானே செய்கிறது? ஜாதியைக் காப்பாற்றுகிறேன் என்கிறவன் பெண்ணுக்குக் காவல் போடாமல் இருக்கிறானா? லண்டன் பிரபுவும் நம்மூர் ஜாதிக்காரனும் இந்த ஒரு காரியத்தில் பங்காளிகள். இவ்வளவு விசாரணைக்கு ஆளாகிற பெண்ணுக்கு அந்தச் சபையில் இடமுண்டா என்றால், அதுவும் கிடையாது. ரோண்டா சீமாட்டி தன் தகப்பனார் பட்டத்துக்குத் தானே வாரிசாகியும், சபையில் உட்கார அவர் செய்த விண்ணப்பத்தை 1922ல் தள்ளிவிட்டார்கள். பரம்பரைப் பட்டமுடைய பெண்கள் 1963க்குப் பிறகுதான் அங்கே நுழைய முடிந்தது.

இது எங்கோ கடல் கடந்த சங்கதி என்று தள்ளிவிட வேண்டாம். திண்டுக்கல்லும் ராமநாதபுரமும் ஒரே மதுரை ஜில்லாவில் இருந்த காலத்தில், விதவையான ராமநாதபுரம் ராணி புருஷனுடைய அனுமதியில்லாமல் சுவீகாரம் எடுத்த பிள்ளை செல்லுமா செல்லாதா என்கிற வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரைக்கும் போய் 1868ல்தான் தீர்ந்தது. அதில் எதிர்க்கட்சி மதுரைக் கலெக்டர். புருஷனுடைய பங்காளிகள் சம்மதித்தால் போதும் என்று தீர்ப்பாயிற்று. ராணியின் சம்மதம் மாத்திரம் போதாது! நம் சீமையிலும் கன்னிவாடி, விருப்பாட்சி, ஆயக்குடி என்று பாளையங்கள் இருந்தன. விருப்பாட்சி கோபால் நாயக்கரை நாம் நினைப்பது அவர் பாளையக்காரர் என்பதற்காகவா? கம்பெனியாரை எதிர்த்து நின்று 1801ல் தூக்கில் தொங்கினார் என்பதற்காகத்தான்.

உங்கள் ஜஸ்டிஸ் கட்சித் தலைவர்கள் சர் பட்டமும் ராஜா பட்டமும் சுமக்கவில்லையா என்று சிலர் கேட்பார்கள். சுமந்தார்கள், மறுக்கவில்லை. ஆனால் 1944ல் சேலம் மகாநாட்டில் சர்க்கார் கொடுத்த பட்டங்களை விட்டுவிட வேண்டுமென்று தீர்மானித்ததும் அதே கட்சிதான். அதற்கு முன்னே 1929ல் செங்கல்பட்டில் கூடிய முதல் சுயமரியாதை மகாநாட்டிலேயே பெயருக்குப் பின்னால் ஒட்டிய ஜாதிப் பட்டத்தை வெட்ட வேண்டுமென்று தீர்மானம் ஆயிற்று. அதற்குத் தலைமை வகித்தவர் நம் பட்டிவீரன்பட்டி சௌந்தரபாண்டியன்.

நம்முடைய கலியாணங்கள் பட்ட பாடும் தெரிந்ததே. புரோகிதனும் மந்திரமும் ஓமமும் இல்லாமல் செய்த கலியாணம் சட்டப்படி செல்லாது என்று சென்னை ஹைகோர்ட்டு 1953ல் சொல்லிவிட்டது. லண்டனில் பிரபு மகனைக் கேட்ட கேள்வியை இங்கே கூலிக்காரன் மகனையும் கேட்கலாம் என்று ஆகிவிட்டது. 1967ஆம் வருஷத்துச் சட்டம்தான் அதற்கு முன் நடந்த சுயமரியாதைக் கலியாணங்களையும் சேர்த்துச் செல்லத்தக்கதாக்கியது. உற்றார், சிநேகிதர் அல்லது வேறு யாராவது முன்னிலையில், இருவரும் ஒருவரையொருவர் ஏற்றுக்கொள்வதாகச் சொன்னாலும் சரி, மாலையோ மோதிரமோ மாற்றினாலும் சரி, தாலி கட்டினாலும் சரி, போதும். கூட்டம் கூட்டி ஊரறிய அறிவிக்க வேண்டுமென்பதில்லை என்று 2023ல் சுப்ரீம் கோர்ட்டும் சொல்லிவிட்டது.

இங்கிலாந்துக்காரனும் சும்மா இருக்கவில்லை. 1999ல் ஒரு சட்டத்தினால் பரம்பரைப் பிரபுக்களில் 92 பேரை மாத்திரம் விட்டு மற்றவர்களைச் சபையிலிருந்து வெளியே அனுப்பினான். அந்த மிச்சத்தையும் நீக்க 2024ல் ஒரு மசோதா கொண்டுவந்தான். நம் கிராமங்களில் அவ்வளவு சுலபமாக நடக்கவில்லை. ஜாதி விட்டு ஜாதி கட்டிக்கொள்ளும் பிள்ளைகளை இன்றும் ஊர் கேட்கும் முதல் கேள்வி "நீ யார் வீட்டுப் பிள்ளை?" என்பதுதான். அப்படிப்பட்ட கலியாணம் நடக்கும்போது நம் தோழர்கள் கைதட்டிவிட்டுச் சாப்பாட்டுக்குப் போனால் போதாது. 2009ஆம் வருஷத்துச் சட்டப்படி எல்லாக் கலியாணத்தையும் 90 நாளைக்குள் பதிய வேண்டும். சாட்சிக் கையெழுத்துப் போடக்கூடிய இரண்டு பேராவது மணமக்களோடு ரிஜிஸ்தர் ஆபீசுக்குப் போய் அதை முடித்துக் கொடுத்துவிட்டு வர வேண்டும்.