ஊதா நிறக் காடு

"உயர்தரம் படிக்கிற புள்ளைக்குக் கதை என்னத்துக்கு?"

வீட்டில் நான் அடிக்கடி கேட்கும் கேள்வி இது. உயிரியலை எனக்கு விளங்க வைத்ததே ஒரு கதைதான் என்பது என் பதில்.

வேற்றுக்கோள் ஒன்றைக் கற்பனை செய்து, அதில் ஊதா நிறக் காடு வளர்த்தேன். வாசித்த தோழி, "ஏன் ஊதா?" என்றாள். அழகுக்காக என்பதைத் தவிர என்னிடம் விடையில்லை. அன்றுதான் பரீட்சைக்காக அல்லாமல், விடை தேடிப் பாடநூலைத் திறந்தேன்.

பச்சையவுருமணியிலுள்ள பச்சையம் சிவப்பு, நீல ஒளியைப் பெரிதும் உறிஞ்சும். பச்சையைக் குறைவாகவே உறிஞ்சும். அதனால் இலை பச்சை. எங்கள் துறைமுகம் போன்ற ஆழக்கடலிலோ சிவப்பு ஒளிதான் முதலில் மறையும். எஞ்சும் நீலத்தையும் பச்சையையும் பிடிக்கச் செந்நிறக் கடற்பாசிகளிடம் பைக்கோஎரித்திரின் என்ற நிறப்பொருள் உண்டு. நிலாவெளிக்கு எதிரேயுள்ள புறாத்தீவின் முருகைக்கற்களுக்குள் ஒளித்தொகுப்புச் செய்யும் நுண்ணிய அல்காக்கள் வாழ்கின்றன. கடல் மிகையாகச் சூடானால் அவை நீங்கும். முருகைக்கல் வெளுத்துப் பட்டினி கிடக்கும். ஆக, நிறம் வெறும் அழகல்ல, உணவு.

மங்கிய சிவப்பு விண்மீனின் கோளில் தாவரங்கள் கறுப்பாகவும் இருக்கலாம் என்று நாசா ஆய்வாளர் நான்சி கியாங் கருதுவதும் ஒளியை வைத்துத்தான்.

என் காட்டை இப்போது கடலுக்கடியில் நட்டுவிட்டேன்.

படைப்பைச் சிந்திக்கச் சொல்லும் மார்க்கம் நம்முடையது. பெற்றோரே, விஞ்ஞானம் படிக்கும் பிள்ளையின் கதைக் கொப்பியைப் பறிக்காதீர்கள். தோழியரே, கரையொதுங்கிய பாசியைக் கண்டால், "ஏன் இந்த நிறம்?" என்று ஒருமுறை கேளுங்கள்.