போலிக்கல்லுக்குப் போலிப்பெயரா?

தமிழனை ஏமாற்ற வருபவன் முதலில் களவாடுவது பணத்தை யன்று, சொல்லை. சொல் பறிபோன பின் பணம் தானே அவன் பைக்குள் போய்ச் சேர்கின்றது.

மகளின் திருமணத்திற்குத் தோடு வாங்கிய உழவர் ஒருவரை யான் அறிவேன். நகைக்கடையில் அவர் கேட்ட கேள்வி ஒன்றே: "இஃது என்ன கல்?" வந்த விடையும் ஒன்றே: "டைமண்டுதான் ஐயா, அமெரிக்கன் டைமண்டு." விலைச்சீட்டில் இரண்டு ஆங்கில எழுத்துகள் மட்டும் இருந்தன: 'ஏ.டி.' அவர் ஆங்கிலம் அறியார். அமெரிக்கா என்னும் பெயரே அவருக்கு ஒரு மதிப்பாகத் தோன்றிற்று. ஈராண்டு கழித்து மருத்துவச் செலவிற்காக அதே தோட்டை அடகுக் கடைக்குக் கொண்டு சென்றார். அங்கே கல்லின் எடையைக் கழித்துவிட்டுப் பொன்னை மட்டும் மதிப்பிட்டனர். "கல்லுக்கு ஒன்றும் தேறாது, இது வெறும் போலி" என்றார் அடகுக்காரர். விற்கும்போது ஆங்கிலம், வாங்கும்போது தமிழ்! அந்த 'வெறும் போலி' என்னும் தமிழ் முதற்கடையிலேயே அவர் காதில் விழுந்திருக்குமாயின், அவர் ஏமாந்திருப்பாரா?

தமிழன்பர்களே! தூயதமிழ் என்பது புலவர்களின் பொழுதுபோக்கு என்று நகையாடுவோர்க்கு இத்தோடே விடை. மொழித்தூய்மை என்பது உண்மைத் தூய்மை. சொல்லில் மறைப்பு நுழையும்போது வாழ்க்கையில் இழப்பு நுழைகின்றது.

'போலி' என்னும் நற்சொல்

'போல்' என்பது ஒப்புமை காட்டும் உருபு. அதனடியாகப் பிறந்த பெயர் 'போலி'. ஒன்றைப் போல்வது போலி, அவ்வளவே. அதில் இழிவு இல்லை, வஞ்சம் இல்லை. இலக்கண நூலார் இச்சொல்லை எத்துணைச் சிறப்பாக ஆண்டனர் என்று பாருங்கள். அகம் என்பது அகன் என்றும், நிலம் என்பது நிலன் என்றும் வருவதைக் கடைப்போலி என்றனர். மயல் என்பது மையல் ஆவதை முதற்போலி என்றனர். இல்முன் என்பது முன்றில் என மாறி நிற்பதை இலக்கணப்போலி என்றனர். அங்கெல்லாம் போலி என்பது பொய் ஆகாது. ஒன்றன் இடத்தில் ஒன்று நின்று அதன் பணியைச் செய்வது என்பதே பொருள்.

ஆகலின் 'போலிக்கல்' என்பது வசைச்சொல் அன்று; நேர்மையான விளக்கச்சொல். "இக்கல் வேறொரு கல்லைப் போன்றது, ஆனால் அதுவன்று" என்னும் இரண்டு செய்திகளையும் இரண்டே சொற்றுண்டுகளில் அஃது உரைத்து விடுகின்றது. பின் வணிகர் ஏன் இச்சொல்லுக்கு அஞ்சுகின்றனர்? அது விளங்கிவிடும் என்பதனால்தான்! விளங்காத சொல் வேண்டும் அவர்க்கு. முன்னாளில் 'கிருத்திரிமம்' என்று வடசொல்லுக்குள் ஒளிந்தனர்; இந்நாளில் 'இமிட்டேசன்' என்று ஆங்கிலத்துக்குள் ஒளிகின்றனர். திரை மாறிற்று, திரைக்குப் பின்னால் நடப்பது மாறவில்லை.

ஒரு குழுவினர் தமக்குள் மட்டும் விளங்கும்படி வழங்கும் சொல்லைக் குழூஉக்குறி என்பர் இலக்கணத்தார். பொற்கொல்லர் பொன்னைப் 'பறி' என்று சொல்லுவதையே அதற்கு எடுத்துக்காட்டும் தந்தனர். 'ஏ.டி.' என்பதும் இற்றை நகைக்கடையின் குழூஉக்குறியே. ஆனால் ஒரு வேறுபாடு உண்டு. பழைய குழூஉக்குறி பட்டறைக்குள் வழங்கிற்று. இப்புதிய குறியோ வாங்குவோனின் கையிலேயே சீட்டாக எழுதித் தரப்படுகின்றது. அவன் பணத்தைக் கொடுத்து, அவனுக்கே விளங்காத சொல்லை வாங்கிச் செல்கின்றான்.

ஒரு பெயரில் இரு பொய்

'அமெரிக்கன் டைமண்டு' என்கின்றார்களே, அஃது என்ன? வயிரம் என்பது தூய கரிமம். இதுவோ சிர்க்கோனியம் என்னும் மாழையின் ஆக்சைடு. வயிரத்தின் கடினம் பத்து என்றால் இதன் கடினம் எட்டு அல்லது எட்டரை. வயிரத்தின் அடர்த்தி ஏறத்தாழ 3.5, இதன் அடர்த்தி 5.6 முதல் 6 வரை. அஃதாவது ஒரே பருமனுள்ள வயிரத்தினும் இஃது எடை மிக்கது. கல்லின் எடையையும் பொன்னின் எடையோடு சேர்த்து விலை போடும் கடையில் இது யாருக்கு ஊதியம், யாருக்கு இழப்பு என்பதைப் படிப்போரே கணித்துக்கொள்க. எனவே இது வயிரம் அன்று.

அமெரிக்காவினதோ எனில், அதுவும் அன்று. 1937ஆம் ஆண்டில் செருமானிய அறிஞர் இருவர் இப்பொருளை இயற்கையில் நுண்ணிய துகளாகக் கண்டனர். 1970களில் மாசுகோவிலுள்ள இலெபதேவ் இயற்பியல் கழகத்தார் இதனைப் பெரிய படிகமாக வளர்க்கும் முறையைச் செம்மைப்படுத்தினர். 1976 முதல் இது வணிகப் பொருளாயிற்று. உருசியர் தம் கழகத்தின் பெயரெழுத்துகளைக் கொண்டு இதனைப் 'பியானிட்டு' என்று அழைத்தனர். பெற்றவர் இட்ட பெயர் நேர்மையானது. இடைத்தரகர் இட்ட பெயரோ, 'அமெரிக்கன்' என்பதில் ஒரு பொய்யும் 'டைமண்டு' என்பதில் ஒரு பொய்யுமாக, இரு பொய் சுமந்து நிற்கின்றது.

இன்னுமொரு கொடுமை கேளுங்கள். 1954ஆம் ஆண்டில் அமெரிக்க நிறுவனமொன்றின் ஆய்வுக்கூடத்தில், கரிமத்தை மிகுந்த அழுத்தத்திற்கும் வெப்பத்திற்கும் உட்படுத்தி மெய்யான வயிரத்தையே செய்தனர். 1955இல் அதனை உலகிற்கு அறிவித்தனர். அமெரிக்க வயிரம் என்று எதையேனும் சொல்ல வேண்டுமாயின் அதனையன்றோ சொல்ல வேண்டும்? இன்று அவ்வாறு ஆய்வகத்தில் வளர்க்கப்படும் வயிரங்கள் நம் ஊர்க் கடைகளிலும் வந்துவிட்டன. 2023ஆம் ஆண்டு இந்திய அரசின் வரவு செலவுத் திட்டத்தில் அத்தகு வயிர ஆய்விற்கு நிதி அறிவிக்கப்பட்டு, சென்னையிலுள்ள இந்தியத் தொழில்நுட்பக் கழகத்தில் அதற்கென ஒரு நடுவமும் ஏற்பட்டுள்ளது. அறிவியல் நம் வாயிலிலேயே வந்து நிற்கின்றது. நம் கடைத்தெருவோ வயிரமல்லாத ஒன்றை 'டைமண்டு' என்றும், வயிரமேயான ஒன்றை 'லேப்' என்றும் உளறிக்கொண்டிருக்கின்றது. இவ்விரண்டிற்கும் இடையிலுள்ள மலையளவு வேறுபாட்டை எந்தத் தாய் எப்படி அறிவாள்?

உலகிற்குப் பெயர் தந்த நாம்

மணிகளைப் பற்றித் தமிழனுக்குப் பிறர் பாடம் சொல்ல வேண்டுவதில்லை. இளங்கோவடிகள் மதுரை மணித்தெருவைக் காட்டுமிடத்தில் வயிரத்தின் குற்றம் நான்கினையும், மாணிக்கத்தின் வகை நான்கினையும் வகுத்துரைக்கின்றார். காக்கையடி போன்ற வடு, கறை, புள்ளி, கீற்று என்று குற்றத்தைக் கூடப் பெயரிட்டுக் கடையில் வைத்து விற்ற இனம் நம் இனம். கொங்கு நாட்டுக் கொடுமணலில் கிடைத்த மணிகளும், படியூரில் பச்சைநீலக் கல் தோண்டிய தடங்களும், அரிக்கமேட்டுக் கண்ணாடி மணிகளும் அவ்வறிவின் எச்சங்கள்.

ஓர் உண்மையை மறையாது சொல்லுவோம். போலிக்கல் செய்யும் கைத்திறனும் இந்நாட்டிற்குப் புதிதன்று. கி.பி. முதல் நூற்றாண்டினனாகிய உரோம அறிஞன் பிளினி, இந்தியர் பளிங்குக்கு நிறமூட்டிப் பல்வகை மணிகளையும், சிறப்பாகப் பச்சைநீலக் கல்லையும், போலச் செய்யும் வழி கண்டனர் என்று தன் இயற்கை வரலாற்று நூலில் எழுதி வைத்தான். போலிக்கல் செய்தல் குற்றமன்று. அதுவும் ஒரு கலையே. அதனை மெய்க்கல் என்று விற்றலே குற்றம். எனவே நம் போராட்டம் போலிக்கல்லின் மேலதன்று. போலிப் பெயரின் மேலது.

செங்கல்லும் நீலக்கல்லும் எந்தப் பொருளின் வேறுபாடுகளோ அந்தப் பொருளுக்கு ஆங்கிலத்தில் 'கொரண்டம்' என்று பெயர். அது நம் 'குருந்தம்' என்னும் சொல்லிலிருந்து சென்றதே என்பதை ஆங்கில அகரமுதலிகளே ஒப்புகின்றன. 1902ஆம் ஆண்டில் பிரஞ்சு அறிஞர் வெர்னேய், அலுமினிய ஆக்சைடுத் தூளை உயிர்வளியும் நீர்வளியும் எரியும் தழலின் வழியே சொரிந்து, சிறிது குரோமியம் சேர்த்து, சில மணி நேரத்தில் செம்மணியை வளர்த்துக் காட்டினார். அந்தச் செய்குருந்தம் கடல் கடந்து வந்து எங்கே பட்டை தீட்டப்பட்டது? திருச்சிராப்பள்ளியிலும் அதனைச் சூழ்ந்த சிற்றூர்களிலும் புதுக்கோட்டைப் பகுதியிலும்! குடிசைதோறும் சாணை சுழன்றது. ஆணும் பெண்ணும் கண்ணைச் செலவிட்டு முகம் முகமாக ஒளி ஏற்றினர். பின்னர்ச் சீனத்துப் பொறிக்கற்கள் மலிந்தபோது அத்தொழில் நலிந்தது. தமிழ்ப்பெயர் பூண்ட கல்லைத் தமிழ்க்கை தீட்டிற்று. ஆயினும் அது கடையேறும்போது அயற்பெயர் பூண்டதனால் தீட்டியவன் ஊரும் மறைந்தது, பெயரும் மறைந்தது. திருச்சிராப்பள்ளிச் செய்மணி என்று உலகம் அறியும்படி நாம் விற்றிருந்தால் அவ்வுழைப்பாளிக்கு ஒரு பெயராவது எஞ்சியிருக்கும்.

வடசேரியில் செய்யப்படும் நாகர்கோயில் கோயில் நகைகளில் பதிக்கும் 'கெம்பு' என்னும் செந்நிறக் கல்லின் பெயரைக் கண்டு சிலர் அயற்சொல் என அஞ்சுவர். அஞ்ச வேண்டா. நம் செவி கன்னடத்தில் கிவி. நம் செய் பழங்கன்னடத்தில் கெய். அவ்வாறே நம் செம்மையின் உடன்பிறப்பே கெம்பு. உடன்பிறந்தாளையும் ஊடுருவியையும் பிரித்தறியத் தெரியாதவன் தூயதமிழ்த் தொண்டன் ஆகான்.

வகைக்கு ஒரு சொல்

வெறுமனே மறுத்தல் எம் வேலையன்று. 'இமிட்டேசன்' என்னும் ஒற்றைப் போர்வைக்குள் நால்வகைக் கற்கள் கிடக்கின்றன. அவற்றைத் தமிழ் தனித்தனியே பிரித்துக் காட்டும்.

தோற்றத்தால் மட்டும் ஒத்து, பொருளால் வேறாவது போலிக்கல். கண்ணாடிக் கற்களும் 'ஏ.டி.' கற்களும் இவ்வகையின. 'ஏ.டி.' கல்லைப் போலிவயிரம் என்று சொல்லுக.

பொருளாலும் மெய்க்கல்லேயாகி, மண்ணில் விளையாது மாந்தன் கையால் விளைந்தது செய்கல். செய்பொருள், செய்நன்றி என்பன போன்ற வினைத்தொகை இது. செய்வயிரம், செய்மணி, செய்குருந்தம் என்று இனத்திற்கேற்ப வழங்கலாம்.

மேலே மெய்க்கல்லின் மெல்லிய தகடும் கீழே கண்ணாடியுமாக இணைத்தது ஒட்டுக்கல்.

மெய்க்கல்லாயினும் சாயத்தாலும் பிறவற்றாலும் நிறம் மிகுவிக்கப்பட்டது ஊட்டுக்கல்.

நான்கு சொற்கள், நான்கும் எழுதப் படிக்கத் தெரியாத மூதாட்டிக்கும் கேட்ட அளவில் விளங்குபவை. ஆங்கிலத்தில் இந்நான்கையும் பிரித்தறியக் கல்லூரிப் படிப்பு வேண்டும்.

மறுப்புகளுக்கு விடை

"உலக வணிகத்திற்கு உலகப் பெயர் வேண்டாவோ?" என்பர் சிலர். உலகமே பெயரில் நேர்மையைத்தான் கேட்கின்றது. பன்னாட்டுத் தரப்பாட்டு அமைப்பு 2015ஆம் ஆண்டில் வகுத்த நெறி, அடைமொழியின்றி வயிரம் எனின் இயற்கை வயிரமே எனவும், செய்யப்பட்டதாயின் அதனைத் தெளிவாகச் சொல்ல வேண்டும் எனவும் கூறுகின்றது. உலகம் கேட்கும் தெளிவைத் தமிழ் தருகின்றது. நம் கடைக்காரரின் அரைகுறை ஆங்கிலமே மறைக்கின்றது.

"போலி என்று பலகையில் எழுதினால் யார் வாங்குவர்?" என்பர் வணிகர். பொருளை அறிந்தவன் அதற்குரிய விலைக்கு வாங்குவான். ஏழைப் பெண் தன் வருவாய்க்கேற்ப ஒளிரும் கல்லை அணிந்து மகிழ்வதில் இழிவு யாதுமில்லை. அறியாதவன் மட்டுமே வாங்குவான் என்றால், அவ்வாணிகத்தின் முதல் அவன் அறியாமை என்று ஆகின்றது.

நம்மவருள்ளும் சிலர் "எழிற்கல், ஒண்கல் என்று இனிய பெயர் சூட்டலாமே" என்கின்றனர். வேண்டா! உண்மையை மறைக்குமாயின் தூயதமிழ்ச் சொல்லும் அயற்சொல்லினும் தீது. ஆங்கிலத்தில் ஏமாந்தவன் மொழியறியாமையால் ஏமாந்தான். அழகுத்தமிழில் ஏமாந்தவனோ தாயையே நம்பி ஏமாந்தவன் ஆவான்.

இன்றே செய்க

நகைக்கடைக்குச் செல்லும் ஒவ்வொருவரும் கேளுங்கள்: "இது மெய்க்கல்லா, செய்கல்லா, போலிக்கல்லா?" விடையைச் சீட்டில் தமிழில் எழுதி வாங்குங்கள். பொன்னின் எடை வேறு, கல்லின் எடை வேறு என்று பிரித்து எழுதச் சொல்லுங்கள். எழுத மறுக்கும் கடையின் படியிறங்குங்கள். தமிழ் வணிகர்களே! பலகையில் தமிழ் முதலில் இருக்க வேண்டும் என்னும் விதிக்கு அஞ்சிப் பெயரை மட்டும் தமிழில் எழுதிப் பயனில்லை. விலைச்சீட்டும் தமிழ் பேச வேண்டும்.

சிலம்பினுள் இருந்த பரல் யாது என்று உரிய நேரத்தில் எவரும் கேட்கவில்லை. அரசியின் சிலம்பில் முத்து. கண்ணகியின் சிலம்பில் மாணிக்கம். அந்த ஒரு கேள்வி கேட்கப்படாமையால் கோவலன் கொலையுண்டான். காலங்கடந்து கேட்கப்பட்டபோது மன்னன் உயிர் நீத்தான், மாநகர் எரியுண்டது. கல்லை அறியாமல் தீர்ப்பளித்தவன் கதை அது. கல்லின் பெயரையே அறியாமல் கைப்பொருளை இழப்பவர் கதை இது.

கேளுங்கள், தமிழர்களே! தமிழில் கேளுங்கள்! தமிழில் விடை வரும்வரை கேளுங்கள்!