பெயரை இழந்த மல்லரும் வேடிக்கை பார்த்த நாமும்

மற்போரை இஸ்லாம் வெறுக்கவில்லை. வலிமையிற் பேர்பெற்ற ருக்கானா என்பவரோடு பெருமானார் நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் மற்பொருது அவரை வீழ்த்திய செய்தி அபூதாவூதிலும் திர்மிதியிலும் இடம்பெற்றிருக்கிறது. எதிரியைத் தரையில் சாய்ப்பதைக் காட்டிலும், சினம் பொங்கும் வேளையில் தன்னை அடக்கியாள்வதே பெரும் வீரம் என்று உணர்த்தியவர்களும் நாயகமே. ஆகவே, அமெரிக்கத் தொழில்முறை மற்போரைக் கண்டித்து நான் எழுதப் புகுவதைக் கண்டு, மவ்லவிக்கு விளையாட்டென்றாலே வேம்பு என எவரும் முகஞ்சுளிக்க வேண்டியதில்லை. என் வழக்கு வேறு. அந்தக் கோதாவில் மனிதனின் உடலுழைப்போடு அவனுடைய பெயரும் குலமும் வணக்கமும் சேர்த்து விலைபேசப்படுகின்றன. அந்த வாணிபத்துக்கு நம் வீடுகளும் வாடிக்கை வீடுகளாகிவிட்டன. இதுவே என் குற்றச்சாட்டு.

1990களில் கேபிள் தொலைக்காட்சி நம் தெருக்களுக்கு வந்தது முதல் நம் பிள்ளைகள் இம்மற்போரைப் பார்த்து வருகின்றனர். மல்லர்களின் படம் அச்சிட்ட சீட்டுகளை வைத்து விளையாடிய தலைமுறை இன்று தாய்தந்தையராகி, பழைய போட்டிகளைக் கைப்பேசியில் தம் மக்களுக்குக் காட்டி மகிழ்கிறது. அவர்கள் அறிந்திருக்க வேண்டிய ஒரு மல்லரின் வரலாற்றை இங்கே சொல்கிறேன். அவர் உலகப்புகழ் பெற்ற மாவீரர் அல்லர். ஊர் ஊராகச் சென்று கூலிக்கு விழுந்தெழுந்தவர்.

அமெரிக்கத் தொழில்முறை மற்போரில் வெற்றியும் தோல்வியும் முன்கூட்டியே பேசி முடிக்கப்படுகின்றன. 1980கள் வரை அந்நாடு மற்போர் வாணிபத்தில் பல வட்டாரங்களாகப் பிரிந்து, வட்டாரத்துக்கொரு முதலாளியின் ஆட்சியில் இருந்தது. ஓரிடத்தில் மக்களுக்குச் சலித்துப்போன மல்லர் அடுத்த இடம் சென்று, தேவையானால் புதிய பெயர் பூண்டு பிழைக்க வேண்டும். அப்பெயரைச் சூட்டுபவர் தாயுமல்லர், தந்தையுமல்லர்; நுழைவுச்சீட்டு விற்கும் முதலாளி!

1939ஆம் ஆண்டு பக்தாதில் பிறந்தவர் அத்னான் அல்கைஸி. படிப்புக்காக அமெரிக்கா சென்று, ஓக்லஹாமா மாநிலப் பல்கலைக்கழகத்தில் மற்போர் பயின்று, 1950களின் இறுதியில் தொழிலில் இறங்கினார். அவருடைய பெயரைச் சற்றே எண்ணிப் பாருங்கள். அத்னான் என்பது வட அரபு மக்களின் மூதாதையின் பெயர். பெருமானாரின் வம்சாவளியை அத்னான் வரை கருத்து வேற்றுமையின்றி எண்ணிச் செல்வது நம் வரலாற்றறிஞர்களின் மரபு. கைஸி என்பது கைஸ் என்னும் அரபுக் குலத்தைச் சுட்டும் நிஸ்பத். இத்தகைய பெயருடையவரை என்ன பெயரிட்டு மேடையேற்றினார்கள் தெரியுமா? பில்லி ஒயிட் ஊல்ஃப்! ‘வெள்ளை ஓநாய்’ என்பது அதன் பொருள்.

பக்தாதின் மகனுக்கு இறகுகள் செருகிய தலையணியைச் சூட்டி, அமெரிக்கப் பூர்வகுடித் தலைவர் என்று அறிவித்தார்கள். 1976 டிசம்பரில் அவரும் ‘தலைவர் ஜே ஸ்டிராங்போ’ என்பவரும் இணைந்து இரட்டையர் உலகப் பட்டம் பெற்றனர். அந்த ஸ்டிராங்போ யார்? ஜோ ஸ்கார்ப்பா என்னும் இத்தாலிய மரபினர். ஓர் அரபியும் ஓர் இத்தாலிய வமிசத்தவரும் பூர்வகுடிகளின் பெயரால் பட்டம் சூடினர். நிலத்தைப் பறிகொடுத்த அந்த மக்களுக்கோ அந்த மேடையில் இடமில்லை. இதை நான் மறைக்கமாட்டேன். பிறர் குலத்தை எள்ளும் இவ்வாணிபத்தில் நம்மவரும் கூலி பெற்றிருக்கிறார். அவர்களுக்கு இழைக்கப்பட்ட இழிவுக்கு வாய்திறவாமல், நமக்கு நேர்ந்ததற்கு மட்டும் நீதி கேட்பது முறையாகுமா?

இடையில் 1970ஐ ஒட்டிய சில ஆண்டுகள் அவர் பக்தாதுக்குத் திரும்பிச் சொந்தப் பெயரிலேயே பெருங்கூட்டங்களின் முன் பொருதார். அவையும் முடிவு பேசிய போட்டிகளே. பின்பு மீண்டும் அமெரிக்கா. 1979இல் தெஹ்ரானில் அமெரிக்கத் தூதரகத்தார் பிணை பிடிக்கப்பட்ட செய்தி 1981 தொடக்கம் வரை அந்நாட்டை உலுக்கியது. அதே 1981இல், மினியாப்பொலிஸைத் தலைமையிடமாகக் கொண்ட மற்போர்ச் சங்கத்தில் நம்மவர் ‘ஷைக் அத்னான்’ ஆனார். நேற்று வரை இறகு. இன்று முதல் குஃபிய்யா! அவர் பக்கம் சேர்ந்த ஜெர்ரி பிளாக்வெல் என்னும் வெள்ளைய மல்லருக்கும் அரபுத் தலைத்துணி சுற்றி, ‘ஷைக் ஆயத்துல்லாஹ்’ என்று பெயரிட்டார்கள்.

ஷைக் என்பது என்ன சொல்? ஓதிக்கொடுத்த ஆசானை, ஆன்மிக வழிகாட்டியை, குலத்தின் மூத்தோரை நாம் எழுந்து நின்று அழைக்கும் சொல். ஆயத்துல்லாஹ் என்றால் இறைவனின் அத்தாட்சி. ஆயத் என்ற சொல்லால்தான் திருமறையின் ஒவ்வொரு வசனத்தையும் குறிப்பிடுகிறோம். அச்சொற்களைக் கேட்டவுடன் காறியுமிழ வேண்டும், கூச்சலிட வேண்டும் என்று ஆயிரக்கணக்கான குழந்தைகளுக்குப் பயிற்சி அளிக்கப்பட்டது. இதற்கு விளையாட்டு என்று பெயராம்!

இனித்தான் கொடுமையின் உச்சம். 1990 ஆகஸ்டு 2ஆம் நாள் இராக் படை குவைத்துக்குள் புகுந்தது. அது அநீதியே, அதை நியாயப்படுத்த இங்கு யாரும் முன்வரவில்லை. ஆனால் அந்த அநீதியை முதலாக வைத்து வணிகம் தொடங்கியது அன்றைய உலக மற்போர்க் கூட்டமைப்பு. அத்னானுக்கு இராக்கியப் படையுடை அணிவித்து ‘ஜெனரல் அத்னான்’ என்றார்கள். சார்ஜண்ட் ஸ்லாட்டர் என்னும் அமெரிக்க மல்லரை நாட்டுக்குத் துரோகம் செய்து இராக்குக்காகப் பேசுபவராக்கினார்கள். 1991 ஜனவரி 17இல் பக்தாத் மீது குண்டுமாரி தொடங்கியது. 19ஆம் நாள், இரண்டே நாளில், ஸ்லாட்டருக்கு உலகப் பட்டம் சூட்டப்பட்டது. அருகில் நின்றவர் அத்னான். பிப்ரவரி 13இல் பக்தாதின் ஆமிரிய்யா புகலிடத்தில் அமெரிக்கக் குண்டுகள் விழுந்து, தாய்மாரும் சேய்களுமாக 400க்கு மேற்பட்டோர் மாண்டனர். அம்மக்கள் கருகிய நகரம் இவருடைய பிறந்த மண்! அதன் படையுடையை அணிந்துகொண்டு, ஏளனக் கூச்சலை வாங்குவதே அந்நாளில் இவருக்குக் கிடைத்த வேலை.

போர் பிப்ரவரி இறுதியில் ஓய்ந்தது, வாணிபம் ஓயவில்லை. மார்ச் 24இல் லாஸ் ஏஞ்சலஸில் ஹல்க் ஹோகன் ஸ்லாட்டரை வீழ்த்தினார். ஆகஸ்டில் நியூயார்க்கில் நடந்த போட்டியில் அத்னானோடும் ஸ்லாட்டரோடும் ‘கர்னல் முஸ்தஃபா’ என்றொருவர் சேர்ந்து நின்றார். அவர் இரானில் பிறந்த ஹுசைன் கோஸ்ரோ அலி வஸீரி. முன்பு ‘இரும்பு ஷைக்’ என்று வேடமிடப்பட்டவர். 1980 முதல் 1988 வரை எட்டாண்டுகள் இராக்கோடு பொருது எண்ணற்ற இளைஞரைப் பலிகொடுத்த நாட்டின் மகனுக்கு இராக்கியக் கர்னல் வேடம்! பாரசீகர் யார், அரபியர் யார் என்று அந்த முதலாளிகளுக்கு வேறுபாடு தெரியவும் இல்லை; தெரிந்துகொள்ளத் தேவையும் இல்லை. முஸ்தஃபா என்பது நபிகள் நாயகத்தின் திருப்பெயர்களுள் ஒன்று என்பதை மட்டும் நினைவூட்டி மேலே செல்கிறேன்.

அதன்பின் ஸ்லாட்டருக்கு மனமாற்றக் கதையொன்று எழுதினார்கள். ‘என் நாடு எனக்கு வேண்டும்’ என்று அவர் மன்றாட, மக்கள் மன்னித்தார்கள். அத்னானுக்கு அத்தகைய கதை எழுதப்படவில்லை. துரோகியாக நடித்த அமெரிக்கருக்குத் திரும்பிவரக் கதவு உண்டு. அரபியாகவே பிறந்தவருக்குக் கதவு இல்லை. இதுவே அந்த மேடையின் சட்டம்.

நாடகத்தில் வில்லன் இருக்கத்தானே வேண்டும் என்று வாதிடுவோர் உளர். வில்லன் இருக்கட்டும், அவனுடைய குற்றம் எது என்பதே என் வினா. பொய்யும் வஞ்சமும் குற்றமானால் ஏற்கலாம். மிச்சிகனில் பிறந்து, லெபனான் மரபில் வந்து, இரண்டாம் உலகப் போரில் அமெரிக்கப் படையில் பணிபுரிந்த எட் ஃபர்ஹத் என்பவர் ‘தி ஷைக்’ என்ற பெயரில் நெடுங்காலம் பொருதவர். போட்டிக்கு முன் அவர் கோதாவில் தொழுகை விரிப்பை விரித்து மண்டியிடுவார். உடனே அரங்கம் வசைபாடும். அங்கே குற்றம் எது? தொழுகையன்றோ!

2004 இறுதியில் மார்க் கோப்பானி என்னும் இத்தாலிய மரபினருக்கு ‘முஹம்மது ஹஸன்’ என்று பெயர் சூட்டினார்கள். 2001 செப்டம்பர் 11க்குப் பின் அமெரிக்க அரபியர் ஐயக்கண்ணோடு பார்க்கப்படுகின்றனர் என்று முறையிடுவதே அவ்வேடத்தின் தொடக்கம். உண்மையான அந்த முறையீட்டையே வில்லத்தனம் ஆக்கினார்கள். பின்னர் முகமூடி மனிதர்கள் அவருக்காக ஒருவரைக் கழுத்தை நெரிப்பதாகக் காட்சி அமைத்தார்கள். 2005 ஜூலை 4இல் பதிவான அக்காட்சி, இலண்டனில் குண்டுகள் வெடித்து 52 பேர் மாண்ட ஜூலை 7ஆம் நாளே ஒளிபரப்பாயிற்று. எதிர்ப்பு எழுந்தது, ஒளிபரப்பு நிறுவனம் அவரைக் காட்ட மறுத்தது, சில மாதங்களில் வேலையும் போயிற்று. கதை எழுதிய நிறுவனமோ இன்றும் செழிக்கிறது. முஹம்மது என்னும் பெயர் மட்டும் அவப்பெயர் சுமந்தது.

அத்னான் ஏன் மறுக்கவில்லை என்று கேட்பீர்கள். மறுத்தால் அடுத்த வாரம் ஆட்டம் இல்லை. அந்நாட்டு மல்லர்கள் ஊழியர்களாகவே கணக்கிடப்படுவதில்லை. தனி ஒப்பந்தக்காரர் என்பதே அவர்களுக்கு நிறுவனம் தந்த தகுதி. 1986இல் தொழிற்சங்கம் அமைக்க ஜெஸ்ஸி வென்ச்சுரா முயன்றும் பலிக்கவில்லை. ஆகவே கூலிக்காரரை மட்டும் சாடி முதலாளியை விடுவது நீதியன்று. ஆயினும், வயிற்றுக்காக எதையும் விற்கலாம் என்பதும் நம் மார்க்கம் அன்று.

வளர்ப்பு மக்களையும் அவரவர் தந்தையரோடு சேர்த்தே அழைக்கும்படி அல்அஹ்ஸாப் அத்தியாயத்தின் 5ஆம் வசனம் பணிக்கிறது. அன்போடு வளர்த்தவருக்கே பெயரை மாற்றும் உரிமை இல்லையென்றால், கூலி கொடுத்தவருக்கு அது எங்கிருந்து வந்தது? ஒரு கூட்டத்தார் மற்றொரு கூட்டத்தாரைப் பரிகசிப்பதையும் பட்டப்பெயரிட்டு இழிப்பதையும் அல்ஹுஜுராத் அத்தியாயத்தின் 11ஆம் வசனம் தடுக்கிறது. இத்தடை பரிகசிப்பவனுக்கு மட்டுமன்று. உடன் சிரிப்பவன் தப்பிவிட்டான் என்று யார் சொன்னது?

2005இல் வெளிவந்த அவருடைய தன்வரலாற்று நூலும் ‘பக்தாதின் ஷைக்’ என்றே பெயர் தாங்கியது. 2023இல் அவர் மறைந்தபோது இரங்கற் செய்திகளிலும் வெள்ளை ஓநாயும் ஜெனரலும் உடன் வந்தன. பெற்றோர் இட்ட பெயர் தனித்து நிற்க மரணத்திலும் இயலவில்லை.

சகோதரர்களே, தாய்மார்களே! நம் பிள்ளை அந்தப் பழைய காட்சியைக் கண்டு சிரிக்கும்போது, கைப்பேசியைப் பிடுங்கினால் போதாது. பிடுங்கியதை அவன் அடுத்த வீட்டில் பார்ப்பான். அருகில் அமருங்கள். இவர் பெயர் அத்னான், இவர் ஊர் பக்தாத், இவர் அழுதிருக்க வேண்டிய நாளில் இவரை வைத்துச் சிரித்தார்கள் என்று சொல்லுங்கள். இறகு சூடிய வேடத்தைப் பார்த்தும் சிரிக்காதே, அதுவும் ஒரு மக்களின் மானம் என்று சேர்த்துச் சொல்லுங்கள். பெயரின் மதிப்பை அறிந்த பிள்ளை, தன் பெயரையும் விற்கமாட்டான். பிறர் பெயரையும் ஏலம் போட விடமாட்டான். அத்தகைய மக்களை வல்ல அல்லாஹ் நமக்கு அருள்வானாக!